முட்டி ஜவ்வு கிழிஞ்சா அடுத்த ஒரு வருஷம் என்ன பண்ணணும்

ரெண்டு மாசம் முன்னாடி ஊருக்குப் போயிருந்தப்ப சித்தப்பா பையன் திண்ணைல கால நீட்டி உக்காந்திருந்தான், முட்டி பன்னு மாதிரி வீங்கிக் கெடக்கு. என்னடான்னு கேட்டா "ஒண்ணும் இல்லண்ணே, கபடில லேசா ஜவ்வு பெசகிருச்சு, நீவி விட்டா சரியாப்போயிரும்னு சொன்னாங்க"ங்கறான். அஞ்சு வருஷம் முன்னாடி நான் சொன்ன அதே டயலாக், அச்சு அசல்.

என் கதை சின்னது தான். மாட்டுப்பொங்கல் அன்னைக்கு மேட்ச், ரெய்டு போயி டச் எடுத்துட்டு கோட்டப் பாத்துத் திரும்புறேன், என்னை யாரும் புடிக்கக்கூட இல்ல, இடது கால் மண்ணுல ஊனி நிக்குது உடம்பு மட்டும் திரும்புது, உள்ள டொப்னு ஒரு சத்தம். பக்கத்துல இருந்தவனுக்கே கேட்டுச்சாம். அப்புறம் ஆபரேஷன், பிசியோ, மறுபடி கிரவுண்டுக்குள்ள எறங்க பதினோரு மாசம். அதுல நான் பண்ணுன தப்பு எல்லாம் அவன் பண்ணக்கூடாதுன்னு அன்னைக்கு ராத்திரி உக்காந்து அவனுக்குச் சொன்னதத் தான் இங்க எழுதுறேன். நான் டாக்டர் இல்ல. உங்க முட்டிக்கு என்ன பண்ணணும்னு உங்க டாக்டரும் பிசியோவும் சொல்றது தான் கணக்கு, இது அவங்ககிட்ட என்ன கேக்கணும்னு தெரிஞ்சுக்க.

மொதல்ல அந்த "ஜவ்வு"

நம்ம ஊர்ல முட்டிக்குள்ள இருக்குற எல்லாமே ஜவ்வு தான். அதுல தான் பாதி கொழப்பம். தொடை எலும்பையும் முழங்கால் கீழ் எலும்பையும் நடுவுல குறுக்கால இழுத்துப் புடிச்சிருக்கறது ஏ.சி.எல்., கீழ் எலும்பு முன்னாடி நழுவாம, திருகாம பாத்துக்குறது அது. முட்டியோட உள்பக்கம் பட்டை மாதிரி இருக்குறது எம்.சி.எல். ரெண்டு எலும்புக்கும் நடுவுல மெத்தை மாதிரி இருக்குறது மெனிஸ்கஸ். எம்.சி.எல். மட்டும் கிழிஞ்சா பெரும்பாலும் பிரேஸ் (முட்டிக்கு மாட்டுற கவசம்) போட்டே ஆறிடும். ஏ.சி.எல். முழுசா அறுந்தா அது தானா ஆறிடும்னு நம்பி உக்கார முடியாது. அதனால "ஜவ்வு கிழிஞ்சிருச்சு"ன்னு யாராச்சும் சொன்னா எந்த ஜவ்வு, முழுசாவா பாதியா, மெனிஸ்கஸ் எப்படி இருக்குன்னு மூணு கேள்வி கண்டிப்பா கேளுங்க. பக்கத்து வீட்டு அண்ணனுக்கு மூணு வாரத்துல சரியாச்சுங்கறாங்களே, அது வேற ஜவ்வா இருக்கும்.

டொப்னு சத்தம், ரெண்டு மூணு மணி நேரத்துக்குள்ளயே குபுகுபுன்னு வீக்கம், எந்திரிச்சு நடந்தா முட்டி கழண்டு போற மாதிரி ஒரு ஃபீலிங், இந்த மூணும் இருந்தா ஏ.சி.எல்.ல சந்தேகம் வைங்க. அவ்வளவு சீக்கிரம் வீங்குதுன்னா உள்ள ரத்தம் கசியுதுன்னு அர்த்தம், அதப் போயி எண்ணெய் போட்டு நீவுனா என்ன ஆகும்னு யோசிச்சுப் பாருங்க. நான் நீவிக்கிட்டேன், ரெண்டு தடவ. ஐஸ வெறுமனே வைக்காம ஒரு துணில சுத்தி 15-20 நிமிஷம் வைங்க, கிரேப் பேண்டேஜ் சுத்துங்க, கால நெஞ்சுக்கு மேல ஒசத்தி வைங்க, அவ்வளவு தான். எக்ஸ்ரேல எலும்பு தான் தெரியும், "எக்ஸ்ரே நார்மல்"னு சொன்னதக் கேட்டு நான் மூணு வாரம் பைக் ஓட்டுனேன். டாக்டர் கையால இழுத்துப் பாப்பாரு, அதுலயே பெரும்பாலும் தெரிஞ்சிரும், எம்.ஆர்.ஐ. அத உறுதி பண்ணும், மெனிஸ்கஸையும் காட்டும்.

அவசரமா ஓட வேண்டிய கேஸ் ரெண்டு. பாதம் சில்லுன்னு ஆகுது, மரத்துப்போகுது, கலர் மாறுதுன்னா அந்த நிமிஷமே ஆஸ்பத்திரி. முட்டி ஒரு எடத்துல பூட்டு போட்ட மாதிரி மாட்டிக்கிட்டு நீட்டவே முடியலன்னா ஒரு வாரம் தள்ளிப்போடாதீங்க, கிழிஞ்ச மெனிஸ்கஸ் உள்ள மடங்கி நிக்கலாம்.

ஆபரேஷன் பண்ணியே ஆகணுமா

இல்ல. ஸ்வீடன்ல ஏ.சி.எல். அறுந்த 121 பேர வச்சு ஒரு ஆய்வு பண்ணுனாங்க, 2010ல வெளிவந்துச்சு. எல்லாருமே 18லேருந்து 35 வயசுக்குள்ள. பாதிப்பேருக்கு சீக்கிரமே ஆபரேஷன், மிச்ச 59 பேருக்கு மொதல்ல பயிற்சி, தேவைப்பட்டா மட்டும் அப்புறமா ஆபரேஷன். ரெண்டு வருஷம் கழிச்சுப் பாத்தா ரெண்டு குரூப்பும் கிட்டத்தட்ட ஒரே மாதிரி தான் இருந்தாங்க. அந்த 59ல 23 பேர் நடுவுல ஆபரேஷன் பண்ணிக்கிட்டாங்க, அஞ்சு வருஷத்துல அது 30 ஆச்சு. அதாவது பாதிக்குப் பாதி. கடையப் பாத்துக்கணும், வண்டி ஓட்டணும், காலைல வாக்கிங் போகணும்னு இருக்குறவங்க மூணு மாசம் ஒழுங்கா பயிற்சி பண்ணிப் பாத்துட்டு முடிவெடுக்கலாம். கபடி, ஃபுட்பால், பேட்மிண்டன்னு திரும்பித் திரும்பி ஓடுற ஆளா இருந்தாலோ, சும்மா நடக்கும்போதே முட்டி கழண்டு கழண்டு போனாலோ ஆபரேஷன் தான் நல்லதுன்னு நான் நெனைக்கிறேன், ஏன்னா ஒவ்வொரு தடவ கழண்டு போகும்போதும் அந்த மெத்தை நசுங்குது, அது போச்சுன்னா சீக்கிரமே முட்டி தேய்மானம் வர்ற ஆபத்து ஜாஸ்தி.

ஆனா ஏ.சி.எல். மட்டும்னா நாளைக்கே பண்ணணும்ங்கற ஆபரேஷன் இல்ல அது. வீங்கிப்போயி மடங்கி நிக்கிற முட்டில பண்ணுனா அப்புறம் அது அப்படியே இறுகிப்போற ஆபத்து ஜாஸ்தி. வீக்கம் வத்தணும், முட்டி முழுசா நீளணும், தொடை தசை எழுந்து வேலை செய்யணும், நொண்டாம நடக்கணும், இந்த நாலும் வந்தப்புறம் தேதி குறிங்க. சில வாரம் ஆகும். அந்த வாரங்கள்ல பண்ற பயிற்சி அப்புறமா பல மடங்கா திரும்பி வரும்.

டாக்டர்கிட்ட ஒண்ணு கேட்டு வைங்க, புது ஜவ்வு எங்கேருந்து எடுக்கப்போறீங்கன்னு. தொடைக்குப் பின்னாடி ஹாம்ஸ்ட்ரிங்லேருந்து எடுக்கலாம், முட்டிச்சில்லுக்குக் கீழ இருக்குற நாரு, தொடைக்கு முன்னாடி குவாட்ஸ் நாரு, கணுக்கால் பக்கம் பெரோனியஸ்னு இன்னும் வழி இருக்கு. எங்கேருந்து எடுத்தாங்களோ அந்த எடம் தான் உங்களுக்கு அடுத்த சில மாசம் தொல்லை குடுக்கப்போகுது. முட்டிச்சில்லு நாரு எடுத்தவங்களுக்கு முட்டி போட்டா வலிக்கும், மசூதிக்கோ சர்ச்சுக்கோ போயி மண்டியிடுறவங்க, டைல்ஸ் வேலை பாக்குறவங்க இத மொதல்லயே சொல்லிடணும். மெனிஸ்கஸையும் சேத்து தைப்பீங்களான்னும் கேளுங்க. தைச்சாங்கன்னா கால ஊனுறது, மடக்குறது, குத்த வச்சு உக்கார்றது எல்லாத்துக்கும் கணக்கு மாறும், நான் கீழ சொல்ற வாரக்கணக்கு உங்களுக்குப் பொருந்தாம போகலாம்.

மொத ரெண்டு வாரம்: தலகாணி சண்டை

ஆபரேஷன் முடிஞ்சு வீட்டுக்கு வந்ததும் எங்கம்மா பாசத்துல பண்ணுன மொத வேலை, முட்டிக்கு அடியில மெத்துனு ஒரு தலகாணி வச்சது. சொகமா தான் இருந்துச்சு. அதான் வினை. முட்டி லேசா மடங்குன நெலைல வலி கம்மியா இருக்கும், அதனால அங்கயே நின்னுரும், ரெண்டு வாரம் அப்படியே விட்டீங்கன்னா நீட்டுறதுக்குள்ள உயிர் போயிரும். முழுசா நீளாத காலோட நடந்தா நொண்டி தான் நடப்பீங்க, தொடை தசையும் முழு பலத்துக்கு வராது. தலகாணிய குதிகாலுக்கு அடியில வைங்க, முட்டி அந்தரத்துல தொங்கட்டும், அதோட எடைக்கே மெதுவா எறங்கும். பத்து நிமிஷம், ஒரு நாளைக்கு நாலஞ்சு தடவ. மடக்குறதப் பத்தி எல்லாரும் கவலப்படுவாங்க, எத்தன டிகிரி எத்தன டிகிரின்னு போன் பண்ணிக் கேப்பாங்க. மடக்குறது வந்துரும்பா. நீட்டுறது தான் வராது. ரெண்டு வாரத்துல 90 டிகிரி மடங்குனா போதும், நீட்டுறது மட்டும் நல்ல கால் அளவுக்கு வந்திருக்கணும். வாரக்கணக்கா முயற்சி பண்ணியும் கடைசி கொஞ்சம் மட்டும் வரல, ஏதோ அடைக்கிற மாதிரி இருக்குன்னா டாக்டர்கிட்ட போங்க, உள்ள தழும்பு முடிச்சு மாதிரி வளந்து மறிக்கிறதும் உண்டு.

இன்னொரு வேலை தொடை தசைய எழுப்புறது. வீங்குன முட்டி தொடை தசைக்குப் போற சிக்னல அமுக்கிரும், நீங்க இறுக்கச் சொன்னாலும் அது கேக்காது. மூணாவது நாள் நான் முக்கி முக்கிப் பாக்குறேன், தொடை அசையவே இல்ல, அழுகையே வந்துருச்சு. கால நீட்டி வச்சு முட்டிய தரையோட அமுக்குங்க, அஞ்சு செகண்ட் புடிங்க, விடுங்க. ரெண்டு காலையும் சேத்து பண்ணுனா சீக்கிரம் புடிபடும். கரண்ட் வைக்கிறாங்களே, அது இந்த நேரத்துல தொடை தசைக்கு வச்சா நல்லது தான், கூடவே நீங்களும் இறுக்கணும். ஆனா மாசக்கணக்கா படுக்க வச்சு கரண்ட், ஒத்தடம், வேக்ஸ்னு மட்டும் பண்ணி அனுப்புற பிசியோன்னா மரியாதையா வேற ஆளப் பாருங்க. வேர்க்காம வெளிய வந்தீங்கன்னா அன்னைக்கு எதுவும் நடக்கலன்னு அர்த்தம்.

வீட்டு விஷயம் கொஞ்சம். வெஸ்டர்ன் டாய்லெட் இல்லன்னா கமோடு சேர் ஒண்ணு மொதல்லயே வாங்கி வைங்க. பாத்ரூம் தரைல தண்ணி நிக்கக்கூடாது. படி ஏறும்போது நல்ல கால் மொதல்ல, எறங்கும்போது ஆபரேஷன் பண்ணுன கால் மொதல்ல. கெண்டைக்கால் வீங்கி இறுகி வலிச்சா ரத்தம் கட்டியிருக்கான்னு அன்னைக்கே பாக்கணும், கூடவே மூச்சு வாங்குச்சுன்னா ஆம்புலன்ஸ் தான். காய்ச்சல், தையல்ல நீர் வடியுறது, அதுவும் போன் போட்டே ஆகணும். கீழ்க்கால் முன்பக்கம் ஒரு எடம் மரத்துப்போயிருக்கும், தோலுக்குப் போற சின்ன நரம்பு வெட்டுப்பட்டிருக்கும், பயப்படாதீங்க, எனக்கு இன்னும் ஒரு ரூபா காசு அளவுக்கு இருக்கு.

வீக்கம் தான் மீட்டர்

ஆறு வாரம் வரைக்கும் வேலை சிம்பிள், நொண்டாம நடக்குறது, 120 டிகிரி கிட்ட மடக்குறது, நிக்கிற சைக்கிள் ஓட்டுறது. எவ்வளவு பண்ணலாம்னு எப்படித் தெரியும்? வலிய நம்பாதீங்க, வீக்கத்தக் கேளுங்க. கால நீட்டி உக்காந்து முட்டியோட உள்பக்கத்த கீழேருந்து மேல தொடைப் பக்கமா ரெண்டு மூணு தடவ உள்ளங்கையால தடவுங்க, அப்புறம் வெளிப்பக்கத்துல மேலேருந்து கீழ தடவுங்க. உள்பக்கக் குழில மறுபடி நீர் வந்து ரொம்புனா உள்ள தண்ணி இருக்கு. நேத்தைய விட இன்னைக்குக் காலைல ஜாஸ்தின்னா நேத்து ஓவரா பண்ணிட்டீங்க, இன்னைக்குக் கொறைங்க. வத்தியிருந்தா இன்னும் கொஞ்சம் ஏத்தலாம். இந்த ஒரு நிமிஷ வேலைய தெனம் காலைல பல்லு வெளக்குற மாதிரி பண்ணுனேன்.

ஹாம்ஸ்ட்ரிங்லேருந்து எடுத்தவங்க குதிகாலால நாற்காலிய இழுக்குறது, செருப்ப மாட்டி இழுக்குறது மாதிரி வேலைய ரெண்டு மாசம் பண்ணாதீங்க. அஞ்சாவது வாரம் நான் நாற்காலிய இழுத்தேன், தொடைக்குப் பின்னாடி படார்னு ஒண்ணு, ஒரு வாரம் பாழ்.

ஆபத்தான மாசம்

ஆறாவது வாரத்துலேருந்து மூணாவது மாசம் வரைக்கும் தான் எனக்கு பயமே. ஏன்னா அப்ப வலி இருக்காது. நல்லா நடப்பீங்க, வீட்ல எல்லாரும் "அட, சரியாயிருச்சே"ம்பாங்க. ஆனா உள்ள வச்ச நாரு ரத்த ஓட்டம் இல்லாம வச்சது, அது மொதல்ல செத்து, அதுக்குள்ள புதுசா ரத்தக்குழாய் வளந்து, மெதுவா ஜவ்வா மாறணும். அந்த மாற்றம் நடக்கும்போது, ஏறத்தாழ இந்த வாரங்கள்ல தான், அது ரொம்ப பலவீனமா இருக்கும். நாத்து நட்டு பச்சை புடிக்கிற சமயம் மாதிரி. வயல்ல எறங்கி மிதிச்சா போச்சு. கிக்கர் ஒதைக்காதீங்க, செல்ஃப் ஸ்டார்ட் இல்லன்னா வண்டியே எடுக்காதீங்க. ஓடுற பஸ்ல ஏறாதீங்க. பசங்க மொட்டமாடில கிரிக்கெட் ஆடுனா வேடிக்கை மட்டும் பாருங்க. சம்மணம் போடுறது, குத்த வச்சு உக்கார்றது டாக்டர் சரின்னு சொல்ற வரைக்கும் வேணாம்.

பயிற்சிய நிறுத்தச் சொல்லல. நேர்க்கோட்டுல வர்ற பலப்பயிற்சி எல்லாம் இப்ப தான் ஏத்தணும், லெக் பிரஸ் (மெஷின்ல எடைய காலால தள்ளுறது), படி ஏறி எறங்குறது, ஒத்தக்கால் பாலன்ஸ், காஃப் ரெய்ஸ் (குதிகால தூக்கி நுனிக்கால்ல நிக்கிறது). மூணுலேருந்து ஆறு மாசம் வரைக்கும் ஜிம்முல தான் குடியிருக்கணும், வாரம் மூணு நாள், ஒவ்வொரு காலா தனித்தனியா. ரெண்டு காலாலயும் ஸ்குவாட் பண்ணுனா நல்ல கால் திருட்டுத்தனமா பாதிக்கு மேல வேலைய எடுத்துக்கும், உங்களுக்கே தெரியாது. லெக் எக்ஸ்டென்ஷன் மெஷின் (உக்காந்து முட்டிய நீட்டி எடைய தூக்குறது) ஏ.சி.எல்.க்கு ஆகாதுன்னு பழைய ஆளுங்க சொல்வாங்க. ஆரம்பத்துல முழுசா நீட்டாம, 90லேருந்து 45 டிகிரி வரைக்கும்னு பிசியோ சொல்ற அளவுல பண்ணி மெதுவா கூட்டுனா அது தான் தொடைய திரும்பக் கொண்டுவரும். சாப்பாடும் பாத்துக்கங்க, நாலு இட்லி சாம்பார்ல தசை வளராது. 70 கிலோ ஆளுக்கு ஒரு நாளைக்கு 100 கிராமுக்கு மேல புரோட்டீன் வேணும், ஒரு முட்டைல 6 கிராம் தான் இருக்கு, மீதிய கறி, மீன், பருப்பு, சுண்டல், பால்னு கணக்குப் போட்டுக்கங்க.

ஓட எப்ப ஆரம்பிக்கிறதுன்னா, நாலாவது மாசம் பொறந்திருச்சுன்னு காலண்டரப் பாத்து இல்ல. வீக்கம் சுத்தமா இல்ல, முழுசா நீளுது, ஒத்தக்கால்ல பத்து தடவ ஆடாம உக்காந்து எந்திரிக்க முடியுது, தொடை பலம் நல்ல கால்ல முக்கால்வாசியாச்சும் இருக்கு, இதெல்லாம் வந்தா ஒரு நிமிஷம் ஓட்டம் ரெண்டு நிமிஷம் நடை. மறுநாள் காலைல அதே தடவல் டெஸ்ட்.

"வில்லியம்சன் ஆறு மாசத்துல வந்துட்டாரே"

இத யாராச்சும் சொல்லாம இருக்க மாட்டாங்க. 2023 மார்ச் 31, அகமதாபாத், ஐ.பி.எல். மொத மேட்ச், சி.எஸ்.கே.வுக்கு எதிரா, பவுண்டரில ருதுராஜ் அடிச்ச பந்தத் தாவிப் புடிக்கப் போயி நியூசிலாந்து பேட்ஸ்மேன் கேன் வில்லியம்சன் முட்டிய ஒடச்சுக்கிட்டாரு, ஏ.சி.எல். அக்டோபர் 13 நம்ம சேப்பாக்கத்துல பங்களாதேஷுக்கு எதிரா வேர்ல்ட் கப் மேட்ச் ஆடி 78 அடிச்சாரு. ஆறரை மாசம். உண்மை தான். ஆனா அவருக்கு தெனம் கூடவே ஆள் இருந்தாங்க, அவரு பேட்ஸ்மேன், ரெய்டர் இல்ல. ஃபுட்பால் பாக்கலாம்னா லிவர்பூல் டிஃபெண்டர் வான் டைக் 2020 அக்டோபர்ல அடிபட்டு 2021 ஆகஸ்ட்ல தான் லீக் மேட்ச் ஆடுனாரு, பத்து மாசம்.

நார்வேல ஏ.சி.எல். ஆபரேஷன் பண்ணுன 106 பேர ரெண்டு வருஷம் தொடர்ந்து பாத்த ஆய்வு ஒண்ணு இருக்கு, 2016ல வந்துச்சு. விளையாட்டுக்குத் திரும்புறத ஒன்பது மாசம் வரைக்கும் ஒவ்வொரு மாசம் தள்ளிப்போடத் தள்ளிப்போட மறுபடி அடிபடுறது பாதிக்குப் பாதி கொறைஞ்சிருக்கு. விளையாட கால் தயாரான்னு பாக்குற டெஸ்ட்ல பாஸ் ஆகாம திரும்புனவங்கள்ல 38 சதவீதம் பேருக்கு மறுபடி அடி, பாஸ் ஆனவங்கள்ல 6 சதவீதம் கூட இல்ல. 25 வயசுக்குக் கீழ இருந்து விளையாட்டுக்குத் திரும்புறவங்கள்ல நாலுல ஒருத்தருக்கு மறுபடி ஏ.சி.எல். போகுது, அதே கால்லயோ, இல்ல இன்னொரு நல்ல கால்லயோ. அதனால ஒன்பது மாசத்துக்கு முன்னாடி கபடின்னு வாயத் தொறக்காதீங்க.

டெஸ்ட்னா பெருசா ஒண்ணும் இல்ல. லெக் எக்ஸ்டென்ஷன்ல ஒத்தக்காலா தூக்கிப் பாருங்க, நல்ல கால் 40 கிலோன்னா அடிபட்ட கால் 36 ஆச்சும் தூக்கணும், 90 சதவீதம். ஒத்தக்கால்ல ஒரு தாவல், மூணு தாவல், கோட்டுக்கு இந்தப் பக்கம் அந்தப் பக்கம் தாவல், டேப் வச்சு அளந்து அதுலயும் 90. தாவல்ல மட்டும் பாஸ் ஆகி ஏமாறாதீங்க, தொடை வீக்கா இருந்தாலும் இடுப்பும் கணுக்காலும் சேந்து தாவ வச்சிரும். போன்ல வீடியோ எடுத்துப் பாருங்க, தரைய தொடும்போது முட்டி உள்பக்கமா சாயுதா, கால விறைப்பா வச்சு எறங்குறீங்களான்னு.

மனசுல இருக்குற பயம் வேற. எட்டாவது மாசம் எல்லா டெஸ்ட்லயும் பாஸ், கிரவுண்டுக்குப் போனா இடது பக்கம் திரும்பவே கால் வரல. வெக்கமா இருந்துச்சு. பிசியோகிட்ட சொன்னதுக்கப்புறம் தான் தெரியுது, அதையும் கேள்வி கேட்டு அளக்குறாங்கன்னு. மொதல்ல ஆளே இல்லாம தனியா ரெய்டு, நடை வேகத்துல. அப்புறம் ஒரு டிஃபெண்டர், அவனுக்கு முன்னாடியே தெரியும் நான் எந்தப் பக்கம் திரும்புவேன்னு. அப்புறம் தெரியாம. அப்புறம் தொட்டுப் புடிக்கிறது. கடைசில தான் முழு டேக்கிள். இதுக்கு மட்டும் ரெண்டு மாசம் ஓடுச்சு. இன்னைக்கும் மேட்சுக்கு முன்னாடி இருபது நிமிஷம் வார்ம் அப், அதுல தாவி எறங்குறது, திரும்புறது, ஹாம்ஸ்ட்ரிங் எல்லாம் இருக்கும், பசங்க கிண்டல் பண்றானுங்க, பண்ணட்டும்.

தம்பிக்கு எம்.ஆர்.ஐ. வந்துச்சு, ஏ.சி.எல். முழுசா போயிருக்கு, மெனிஸ்கஸ் தப்பிச்சிருக்கு. வீக்கம் வத்துற வரைக்கும் காத்திருந்து போன வாரம் தான் ஆபரேஷன் ஆச்சு. நேத்து ராத்திரி வீடியோ கால்ல வந்தான், பின்னாடி சித்தி "புள்ளைக்கு வலிக்குதே, முட்டிக்கு அடியில ஏதாச்சும் வைடா"ன்னு சத்தம் போடுறாங்க. இவன் கேமராவ கால் பக்கம் திருப்புறான், தலகாணி குதிகாலுக்கு அடியில இருக்கு.